குழல்வாய்மொழி: ஏழு எழுத்தில் ஒரு மொழிப்பாடம்

'பேரன்', 'பேத்தி' என்று நாம் அன்றாடம் சொல்லும் சொற்களின் முந்தைய வடிவம் 'பெயரன்', 'பெயர்த்தி'. தாத்தாவின் பெயரைத் தாங்கி வருபவன் பெயரன். பாட்டியின் பெயரைத் தாங்கி வருபவள் பெயர்த்தி. பெயர் சூட்டும் வழக்கம் உறவுச் சொல்லிலேயே பதிந்திருக்கிறது. தென்காசி, குற்றாலம் பக்கம் இந்த வழக்கம் இன்னும் முழுதாக மறைந்துவிடவில்லை. ஆச்சியின் பெயரைப் பிறப்புச் சான்றிதழில் எழுதிவிட்டு, வீட்டில் கூப்பிட ஒரு சின்னப் பெயர் வைத்துக்கொள்ளும் குடும்பங்கள் ஐந்தருவிச் சுற்றுவட்டாரத்தில் உண்டு. அப்படித் தலைமுறை தாண்டி வரும் பெயர்களில் கோமதி, காந்திமதி, உலகம்மாள் ஆகியவற்றை வருகைப் பதிவேட்டில் அடிக்கடி பார்க்கலாம். மிக அரிதாக ஒரு பெயர் வரும்: குழல்வாய்மொழி.

சில ஆண்டுகளுக்கு முன் இந்தப் பெயருடன் ஒரு சிறுமி ஆறாம் வகுப்பில் சேர வந்தாள். படிவத்தை நிரப்பிக்கொண்டிருந்தபோது அவளுடைய அம்மா தயங்கியபடி கேட்டார்: "டீச்சர், இந்தப் பேரை மாத்தி எழுத முடியுமா? எங்க அத்தை பேரு. முன்னால படிச்ச பள்ளிக்கூடத்துல பிள்ளைங்க எல்லாரும் கேலி பண்ணிச் சிரிக்காங்களாம். பேரு வாயில நுழையலன்னு டீச்சரே வேற பேரு சொல்லித்தான் கூப்பிட்டாங்களாம்."

"உன் பேருக்கு என்ன அர்த்தம் தெரியுமா?" என்று சிறுமியிடம் கேட்டேன். "சாமி பேரு" என்றாள். அதற்கு மேல் அவளுக்கும் தெரியவில்லை, அம்மாவுக்கும் தெரியவில்லை.

பொருள் தெரியாமல் சுமக்கும் பெயரைக் கேலிக்கு எதிராகக் காப்பாற்றிக்கொள்ள ஒரு குழந்தையால் முடியாது. பொருளைச் சொல்லித் தருவது நம் வேலை. அது மொழிப்பாடத்துக்கு வெளியே உள்ள கூடுதல் வேலையும் அல்ல. இந்த ஒரு பெயரை மட்டும் எடுத்துக்கொண்டு, அதற்குள் எவ்வளவு பாடம் இருக்கிறது என்று பார்ப்போம்.

மூன்று சொல், ஒரு பெயர்

குழல் + வாய் + மொழி. மூன்றும் ஒன்றாம் வகுப்புக் குழந்தைக்கும் தெரிந்த சொற்கள். சேர்ந்து நிற்கும்போதுதான் தடுமாற்றம் வருகிறது.

'குழல்' என்றால் உள்ளே துளை உள்ள நீண்ட பொருள். துப்பாக்கிக் குழல் என்கிறோம். 'குழாய்' என்பதும் இதனோடு உறவுடைய சொல்லே. துளையுள்ள மூங்கிலில் செய்த இசைக்கருவி புல்லாங்குழல். மூங்கிலுக்கும் புல்லுக்கும் என்ன தொடர்பு என்று மாணவர்கள் கேட்பார்கள். மூங்கில் புல் குடும்பத்தைச் சேர்ந்த தாவரம் என்பதை அறிவியல் ஆசிரியர் சொல்வார். வெளிப்புறம் வயிரமாக இருப்பவற்றைப் புல் என்று தொல்காப்பியமும் வகைப்படுத்துகிறது என்பதைத் தமிழாசிரியர் சேர்த்துக்கொள்ளலாம்.

'குழல்' என்பதற்குப் பெண்ணின் கூந்தல் என்ற பொருளும் உண்டு. கல்கியின் 'பொன்னியின் செல்வன்' நாவலில் படகோட்டும் பெண்ணான பூங்குழலியின் பெயரில் வருவது இந்தக் குழல்தான். திருச்சிராப்பள்ளித் தாயுமானவர் கோயிலின் மட்டுவார்குழலி, காஞ்சிபுரத்து ஏலவார்குழலி, திருவாலங்காட்டு வண்டார்குழலி ஆகிய அம்மன் பெயர்களிலும் குழல் என்பது கூந்தலே. அப்படியானால் குற்றாலத்துப் பெயரில் இருப்பது எந்தக் குழல்? அடுத்து நிற்கும் சொற்களே விடை தருகின்றன. கூந்தலை வாய்மொழிக்கு உவமை சொல்ல முடியாது. இசைக்கும் குழலைச் சொல்லலாம்.

'வாய்மொழி' என்பது வாயால் பேசும் பேச்சு. வாய்மொழித் தேர்வு, வாய்மொழி இலக்கியம் என்று பள்ளிக்கூடத்தில் நாமே பயன்படுத்தும் சொல்தான் இது. நம்மாழ்வார் அருளிய நூலின் பெயர் திருவாய்மொழி.

ஆக, குழலோசை போன்ற இனிய பேச்சு என்பது நேர்ப்பொருள். 'போன்ற' என்னும் உவம உருபு மறைந்து நிற்பதால் இது உவமைத்தொகை. அதே தொடர் ஒரு பெண்ணைக் குறிக்கும்போது, 'குழல் போன்ற வாய்மொழியை உடையவள்' என்று பெயரில் இல்லாத ஒரு சொல்லை வெளியிலிருந்து வருவித்துப் பொருள் கொள்கிறோம். அப்போது அது உவமைத்தொகையின் புறத்தே பிறந்த அன்மொழித்தொகை. இலக்கண வகுப்பில் மாணவர்கள் மிகவும் திணறும் இடம் இது. வகுப்பில் உட்கார்ந்திருக்கும் ஒரு மாணவியின் பெயரே எடுத்துக்காட்டாகிவிட்டால், 'இவள் பேச்சு அல்ல, பேச்சை உடையவள்' என்பதை விரல் நீட்டிக் காட்டிவிடலாம்.

பெயர் வந்த வழி

குற்றாலத்தில் பேரருவிக்கு அருகே சங்கு வடிவில் அமைந்த கோயிலில் திருக்குற்றாலநாதரோடு எழுந்தருளியிருக்கும் அம்மையின் பெயர் குழல்வாய்மொழி. இந்தத் தலத்தையும் இங்குள்ள குறும்பலாவையும் தேவாரத்தில் ஞானசம்பந்தர் தனித்தனிப் பதிகங்களில் பாடியிருக்கிறார். திருமால் கோயிலாக இருந்ததை அகத்தியர் சிவன் கோயிலாக மாற்றினார் என்றும், அப்போது திருமகளே குழல்வாய்மொழி அம்மை ஆனாள் என்றும் தலபுராணக் கதை சொல்கிறது.

இந்தப் பெயரை இலக்கியத்தில் நிலைநிறுத்தியவர்களில் முதன்மையானவர் தென்காசியை அடுத்த மேலகரத்தைச் சேர்ந்த திரிகூட ராசப்பக் கவிராயர். பாடநூல்கள் வழியாகப் பல தலைமுறை மாணவர்களுக்கு அறிமுகமான குற்றாலக் குறவஞ்சியை 18ஆம் நூற்றாண்டில் பாடியவர் அவர். அம்மையின் பெயராலேயே ஒரு கலிப்பாமாலையும் பாடியிருக்கிறார். அவருடைய பெயரின் முன்பகுதியான 'திரிகூடம்' என்பதும் இரண்டு சொல் இணைந்ததுதான். திரி என்றால் மூன்று, கூடம் என்றால் சிகரம். குற்றால மலைக்கு முச்சிகர மலை என்பதே அந்தப் பெயர். குறவஞ்சியின் தலைவி வசந்தவல்லியின் பெயரும் அப்படிப்பட்டதே: வசந்த காலத்துக் கொடி.

ஊர்ப்பெயர்களையும் இதே முறையில் பிரித்துக் காட்டலாம். இந்தப் பகுதி மக்கள் 'நீர்வீழ்ச்சி' என்று சொல்வதில்லை, 'அருவி' என்றே சொல்கிறார்கள். பெருமை + அருவி பேரருவி ஆகிறது. சிறுமை + அருவி சிற்றருவி ஆகிறது. ஐந்து + அருவி சேரும்போது 'ஐந்து' என்பதன் இறுதியில் உள்ள குற்றியலுகரம் கெட்டு, எஞ்சிய மெய்யின்மேல் அகரம் ஏறி ஐந்தருவி ஆகிறது. குழல்வாய்மொழியில் இப்படி எந்த மாற்றமும் இல்லை. மூன்று சொல்லும் தத்தம் உருவம் கெடாமல் நிற்கின்றன. அது இயல்பு புணர்ச்சி. ஊர்ப்பெயரையும் ஆள்பெயரையும் கரும்பலகையில் பக்கத்தில் பக்கத்தில் எழுதினால், விகாரப் புணர்ச்சிக்கும் இயல்புப் புணர்ச்சிக்கும் வேறு எடுத்துக்காட்டுத் தேட வேண்டியதில்லை.

ஒரே பொருள், இரண்டு மொழி

குழல்வாய்மொழி அம்மைக்கு வடமொழியில் வேணுவாக்வாதினி என்று பெயர். வேணு என்றால் மூங்கில், புல்லாங்குழல். வாக்கு என்றால் சொல். தமிழ்ப் பெயரில் உள்ள குழல் இசைக்குழலே என்பதற்கு இது இன்னொரு சான்று. மூங்கில் காடாக இருந்ததாகச் சொல்லப்படும் திருநெல்வேலிக்கு வேணுவனம் என்று பெயர் வழங்குவதும் இந்தச் சொல்லால்தான்.

நம் வட்டாரத்தின் மற்ற இரண்டு பெரிய கோயில்களிலும் இதே இணை உண்டு. சங்கரன்கோவில் அம்மன் கோமதி. வடமொழியில் 'கோ' என்றால் பசு, 'மதி' என்பது உடையவள் என்னும் பொருள் தரும் விகுதி. இதே அம்மனைத் தமிழில் ஆவுடையம்மை என்கிறோம். ஆ என்றால் பசு, ஆவை உடையவள் ஆவுடையாள். திருநெல்வேலி அம்மன் காந்திமதி. காந்தி என்றால் ஒளி, அழகு. அங்கும் 'மதி' உடையவள் என்பதே. தமிழில் வடிவுடையம்மை. காந்திமதி, கோமதி ஆகியவற்றில் உள்ள மதியை நிலா என்று மாணவர்கள் நினைப்பது இயல்பு. தமிழ்க்காது அப்படித்தான் கேட்கும். அந்த இடத்தில் நிறுத்தி விளக்கினால், உருவம் ஒன்றாக இருந்தாலும் சொல் வேறாக இருக்கலாம் என்பது அவர்களுக்குப் புரியும்.

இந்த இணைகளை அறிந்த பிறகு, வேதாசலம் என்ற பெயர் எப்படி மறைமலை ஆனது என்று மாணவர்களே சொல்லிவிடுவார்கள். வேதம் மறை ஆனது, அசலம் மலை ஆனது. சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற்கலைஞர் ஆனதும் இதே வழியில்தான். அந்த அலையில் பின்னர் தேன்மொழி, கனிமொழி, கயல்விழி, மலர்விழி போன்ற பெயர்கள் தமிழ்நாடெங்கும் பரவின. குழல்வாய்மொழி அவற்றுக்கெல்லாம் மூத்த அக்காள். வேதாரண்யத்து அம்மையின் பெயரான யாழைப் பழித்த மொழியாள் அவளுக்கு உடன்பிறந்தாள் போல. ஒருத்தியின் பேச்சு குழலைப் போன்றது, மற்றவளின் பேச்சு யாழையும் வென்றது.

ஒட்டிய பெயரும் வெட்டி ஒட்டிய பெயரும்

இணைப்புப் பெயர்கள் எல்லாம் ஒரே வகை அல்ல. சங்கரன்கோவிலில் சிவனும் திருமாலும் ஒரே திருமேனியில் பாதிப் பாதியாகக் காட்சி தருகிறார்கள். அதைக் காணத்தான் கோமதி அம்மன் தவமிருந்தாள் என்று ஆடித்தபசு விழாவின் கதை சொல்கிறது. சங்கரநாராயணன் என்ற பெயரில் இரண்டு தெய்வங்களும் முழுப் பெயரோடு இருக்கிறார்கள். 1927இல் சென்னை மாகாண சட்ட மேலவைக்குச் சென்ற டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் பெயரில் ஒரு பொருளின் பெயரும் ஒரு தெய்வத்தின் பெயரும் சேர்ந்திருக்கின்றன. ஆரோக்கியமேரி என்ற பெயரில் வேளாங்கண்ணி ஆரோக்கிய மாதா இருக்கிறாள். நூர்ஜஹான் என்பதில் 'ஒளி' என்னும் அரபுச் சொல்லும் 'உலகு' என்னும் பாரசீகச் சொல்லும் சேர்ந்துள்ளன. தென்காசி, கடையநல்லூர்ப் பக்கம் வழங்கும் செய்யதலி பாத்திமா என்ற பெயரில் இரண்டு பெரியோர்களின் பெயர்கள் சேர்ந்திருக்கின்றன. எல்லாச் சமயத்துக் குழந்தைகளின் பெயர்களிலும் இந்த ஒட்டுவேலை நடந்திருக்கிறது.

இன்னொரு வகை, வெட்டி ஒட்டுவது. அப்பாவின் பெயரிலிருந்து ஓர் அசை, அம்மாவின் பெயரிலிருந்து ஓர் அசை எடுத்துப் புதுப்பெயர் ஆக்குகிறார்கள். இன்று நம் வகுப்புகளில் இப்படிப்பட்ட பெயர்கள் பெருகி வருகின்றன. இது புதிய பழக்கம் அல்ல. 18ஆம் நூற்றாண்டில் ஜோனதன் ஸ்விஃப்ட் என்ற எழுத்தாளர், எஸ்தர் வான்ஹோம்ரி என்ற தம் தோழியின் குடும்பப் பெயரின் முதல் அசையையும் எஸ்தர் என்பதன் செல்லக் குறுக்கத்தையும் சேர்த்து 'வனெஸ்ஸா' என்ற பெயரை உருவாக்கினார். இன்று அது உலகெங்கும் பெண் குழந்தைகளுக்கு வைக்கும் பெயர்.

இரண்டுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. குழல்வாய்மொழியைப் பிரித்தால் ஒவ்வொரு துண்டும் பொருள் தரும். வெட்டி ஒட்டிய பெயரைப் பிரித்தால் துண்டுகளுக்குப் பொருள் இருக்காது, ஆனால் அவற்றுக்குப் பின்னால் இரண்டு மனிதர்கள் இருப்பார்கள். ஒன்றின் பொருளை அகராதியில் தேடலாம், மற்றதை வீட்டில்தான் கேட்க வேண்டும். 'உன் பெயருக்கு அர்த்தமே இல்லை' என்று அந்தக் குழந்தையிடம் சொல்லிவிடக் கூடாது.

வகுப்பறையில்

அந்த மாணவி சேர்ந்த வாரத்திலேயே ஒரு பாடவேளையை இதற்கு ஒதுக்கினேன். அவள் பெயரை மட்டும் எடுத்தால் எல்லார் கண்ணும் அவள்மேல் விழும். அதனால் ஐந்தருவியில் தொடங்கி, சங்கரன்கோவில் வழியாக, நான்கைந்து பெயர்களுக்குப் பிறகு குழல்வாய்மொழிக்கு வந்தேன். கரும்பலகையில் எழுதிவிட்டு எழுத்துகளை எண்ணச் சொன்னேன். கு, ழ, ல், வா, ய், மொ, ழி. ஏழே எழுத்து. 'எவ்வளவு பெரிய பேரு' என்று கேலி செய்தவர்கள் தங்கள் பெயர்களை எண்ணிப் பார்த்தார்கள். சிலருடையது ஏழைத் தாண்டியது.

கேலி அன்றோடு நின்றுவிட்டது என்று சொல்ல மாட்டேன். ஆனால் அடுத்த முறை ஒருவன் கிண்டல் செய்தபோது, "உன் பேருக்கு என்ன அர்த்தம், சொல்லு பாப்போம்" என்று அவளே திருப்பிக் கேட்டாள். பெயரை மாற்றுவது பற்றி அம்மா பிறகு பேச்செடுக்கவில்லை.

இதை எந்த வகுப்பிலும் செய்யலாம். தொடக்க வகுப்புகளில் எழுத்தை எண்ணுதல், குறில் நெடில் பிரித்தல், உச்சரிப்புப் பயிற்சி. தென்மாவட்டங்களில் பழம் 'பளம்' ஆவதும் குழல் 'குளல்' ஆவதும் நமக்குத் தெரியும். ழகரம் இரண்டும் லகரம் ஒன்றும் உள்ள இந்தப் பெயரைத் தினமும் வருகைப் பதிவின்போது திருத்தமாகச் சொன்னாலே, வகுப்பு முழுவதற்கும் அது காதுப் பயிற்சி. நடுநிலை வகுப்புகளில் தொகைகள், புணர்ச்சி. உயர்நிலை வகுப்புகளில் இருமொழி இணைப்பெயர்கள், வட்டார வரலாறு. 'வீட்டில் பெரியவர்களிடம் கேட்டு, உன் பெயரை யார் வைத்தார்கள், ஏன் வைத்தார்கள் என்று ஐந்து வரி எழுதி வா' என்பது எல்லா வகுப்புக்கும் பொருந்தும்.

ஒரு எச்சரிக்கை அவசியம். எல்லாப் பெயரும் மகிழ்ச்சியோடு வைக்கப்பட்டதல்ல. அடுத்தடுத்துப் பெண் குழந்தைகள் பிறந்த வீட்டில் 'போதும்பொண்ணு', 'வேண்டாம்' என்று பெயர் வைக்கும் வழக்கம் தமிழ்நாட்டில் இருந்திருக்கிறது. போதும் + பொண்ணு என்று அதையும் இரண்டாகப் பிரிக்கலாம். ஆனால் வகுப்பு நடுவில் அந்தப் பெயரின் பொருளைக் கேட்பது அந்தக் குழந்தையைக் குத்துவதாகும். ஆகவே பயிற்சிக்கு முன் பதிவேட்டை ஒருமுறை நிதானமாகப் படித்துவிடுவது நல்லது. அப்படி ஒரு பெயர் இருந்தால், குழந்தையிடமும் பெற்றோரிடமும் தனியே பேச வேண்டும். மாற்ற விரும்பினால் உதவ வேண்டும். குழல்வாய்மொழிக்கு நாம் செய்வது பெயரைக் காப்பது; இங்கே செய்ய வேண்டியது பெயரிலிருந்து குழந்தையைக் காப்பது.

பதிவேட்டில்

குழல்வாய்மொழி போன்ற பெயர்கள் வழக்கொழிவதற்குக் கேலி ஒரு காரணம் என்றால், ஆவணங்களில் நேரும் சிதைவு இன்னொரு காரணம். தமிழில் ஏழு எழுத்தாக உள்ள பெயர் ஆங்கிலத்தில் 14 எழுத்தாகிறது. ழகரத்துக்கு இரண்டிரண்டு எழுத்துப் போட வேண்டும். பிறப்புச் சான்றிதழில் ஒரு மாதிரி, ஆதாரில் ஒரு மாதிரி, எமிஸ் தளத்தில் ஒரு மாதிரி, வங்கிக் கணக்கில் ஒரு மாதிரி என்று ஆகிவிட்டால், உதவித்தொகை வரும்போதும் கல்லூரிச் சேர்க்கையின்போதும் அந்த மாணவிதான் அலைய வேண்டியிருக்கும். அலைந்து சலித்த பெண், தன் பேத்திக்கு அந்தப் பெயரை வைக்க விட மாட்டாள்.

சேர்க்கையின்போதே பிறப்புச் சான்றிதழை வைத்து எழுத்து எழுத்தாகச் சரிபார்ப்பதும், வேறுபாடு இருந்தால் பெற்றோரிடம் அன்றே சொல்வதும் நம்மால் முடிந்தவை. பிறப்புப் பதிவில் குழந்தையின் பெயர் சேர்க்கப்படாமல் விடுபட்டிருந்தால் 15 ஆண்டுகள் வரை சேர்க்க வழியுண்டு. முதல் 12 மாதத்துக்குக் கட்டணம் இல்லை. பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வுக்கான பெயர்ப்பட்டியல் தயாராகும் கட்டம் இன்னொரு முக்கியமான சரிபார்ப்பு நேரம். சான்றிதழ் அச்சாகி வந்த பின் திருத்துவது பெரும்பாடு. பெயரையே மாற்ற வேண்டுமானால் அரசிதழில் வெளியிட்டாக வேண்டும். பெயரோடு முன்னெழுத்தையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று 2021 டிசம்பரில் தமிழ்நாடு அரசு ஆணையிட்டுள்ளது. ஆகவே தமிழ் வடிவத்தை முதலில் பிழையின்றி எழுதிவிட்டு, அதைப் பார்த்து ஆங்கில வடிவத்தை எழுதும் பழக்கம் நல்லது.

எல்லாவற்றிலும் எளிய வேலை ஒன்று இருக்கிறது. தினமும் காலையில் வருகைப் பதிவு எடுக்கும்போது, எந்தப் பெயரையும் பாதியில் வெட்டாமல், நம் வசதிக்காகச் சுருக்காமல், முழுதாகத் திருத்தமாகக் கூப்பிடுவது. ஆசிரியர் எப்படிக் கூப்பிடுகிறாரோ அப்படித்தான் வகுப்பும் கூப்பிடும். இந்த வாரம் உங்கள் பதிவேட்டில் பொருள் தெரியாத பெயர் ஏதேனும் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அந்தக் குழந்தையிடமே கேளுங்கள். தெரியவில்லை என்றால் இருவரும் சேர்ந்து தேடுங்கள்.